நான்கில் ஒன்றைத் தேர்ந்தெடு

கள்ளக்குறிச்சி
9.8.2024

எழிலுக்கு,

உன்னைக் கேட்காமல் உன் லேப்டாப்பைத் திறந்துவிட்டேன். பீரோ மேல்தட்டில் பழைய துண்டில் சுற்றி நீ வைத்துவிட்டுப் போனது அப்படியே இருந்தது. மலைப் பள்ளிக்கூடத்து டீச்சர் வேலைக்கு நீ போய்ப் பதினான்கு மாதமாகிறது. இதுவரை யாரும் அதைத் தொடவில்லை. உன் அண்ணன்தான் நாற்காலி போட்டு இறக்கிக் கொடுத்தார்.

எனக்குப் பொழுது போகவில்லை. டாக்டர் படுத்தே இருக்கச் சொல்லியிருக்கிறார். ஆமாம் எழில், அதுதான். இப்போது ஐந்தாம் மாதம்.

உன்னிடம் சொல்லக்கூடாது என்று யாரும் முடிவு எடுக்கவில்லை. மூன்று மாதம் போகட்டும் என்றிருந்தேன். பிறகு நான்காகட்டும் என்று தோன்றியது. போனில் சொல்லலாம் என்றால் நீ இருக்கும் ஊரில் டவர் இல்லை. ஞாயிற்றுக்கிழமை வெள்ளிமலைக்கு வந்து நீ பேசும்போதெல்லாம் அத்தை பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார்கள். உன் அம்மாவைப் பற்றி உனக்கு நான் சொல்லவேண்டியதில்லை. எழுதுவதுதான் சுலபம்.

நீ விளையாடுவாயே, வீடு கட்டி, ஆட்களை உண்டாக்கி, அவர்களைச் சாப்பிடவைத்துத் தூங்கவைக்கிற விளையாட்டு, அதைத்தான் திறந்தேன். ஒருத்தியை உண்டாக்கினேன். இலக்கியா என்று பெயர் வைத்தேன். என் பெயரை வைக்கப் பயமாக இருந்தது. மூன்றாம் நாளே அடுப்பு பற்றிக்கொண்டு அவள் அலற ஆரம்பித்தாள். நான் பயந்து லேப்டாப்பை மூடிவிட்டேன். இப்போது அடுப்பையே விற்றுவிட்டேன். அவள் பழமும் பச்சைக் காய்கறியும் சாப்பிடுகிறாள்.

திறந்ததும் ஓர் அறிவிப்பு வருகிறது. பழைய கணக்குகளுக்கெல்லாம் விளையாட்டோடு சேர்த்துக்கொள்ளும் கூடுதல் பேக் ஒன்று இலவசமாம். நான்கில் ஒன்றைத்தான் எடுக்கலாம், இந்த மாதம் முப்பத்தொன்றாம் தேதிவரை. எனக்கு ஒன்றும் புரியவில்லை. கணக்கு உன்னுடையது. எதை எடுக்கட்டும், நீ சொல்லு.

இசைவாணி

--

கல்வராயன் மலை
16.8.2024

அன்புள்ள அண்ணிக்கு,

நேற்றுக் கொடியேற்றி, பிள்ளைகளுக்கு மிட்டாய் கொடுத்துக்கொண்டிருந்தபோது, முந்தின நாள் தபாலில் வந்திருந்த கடிதத்தைக் கொடுத்தார்கள். ஐந்தாம் மாதம் என்ற வரியைப் படித்துவிட்டு மிட்டாய்ப் பெட்டியை ஒரு பிள்ளையிடம் கொடுத்துவிட்டு அறைக்குள் போய்விட்டேன்.

சந்தோஷம் அண்ணி. முதலில் அதை எழுத வேண்டும். அடுத்ததையும் எழுதிவிடுகிறேன். ஐந்து மாதம் எனக்குத் தெரியாது. அண்ணன் ஜூனில் என் சேலைகளைக் கொண்டுவந்து கொடுத்தபோது அரை நாள் இங்கே இருந்தான். மலைப் பாதையைப் பற்றிப் பேசினான், லாரியில் ஏற்றும் கிழங்கு லோடைப் பற்றிப் பேசினான். இதைப் பேசவில்லை. எனக்குத் தெரியாமல் இருப்பது நல்லது என்று நீங்கள் நினைத்திருந்தால், அதில் எனக்கு வருத்தம் இல்லை. நானும் அப்படித்தான் நினைக்கிறேன்.

பேக் விஷயம். நான்கும் என்னவென்று சொல்கிறேன். ஒன்று நாய், பூனை வளர்ப்பது. இன்னொன்று கல்லூரி, விடுதி, தேர்வு. மூன்றாவது பருவங்கள்: மழை, வெயில், பனி எல்லாம் வரும், ஆட்கள் குடை பிடிப்பார்கள். நான்காவது குழந்தைகள். அது இல்லாவிட்டால் விளையாட்டில் குழந்தை தொட்டிலோடு ஒட்டினாற்போல் படுத்தே இருக்கும், சில நாளில் திடீரென்று பள்ளிக்கூடம் போகிற பிள்ளையாகிவிடும். அந்தப் பேக் இருந்தால் தவழும், உட்காரும், சோறு ஊட்டலாம். தொட்டிலில் பத்து விதம், சட்டையில் ஐம்பது விதம் வரும்.

பருவங்களை எடுங்கள். பயமில்லாதது. படுத்துக்கொண்டே மழை பார்க்கலாம்.

அடுப்பு இருக்கும் அறையில் புகை தெரிந்ததும் மணி அடிக்கும் கருவி ஒன்று கிடைக்கும், மாட்டிவிடுங்கள். நீச்சல் குளம் இருந்தால் எடுத்துவிடுங்கள்.

நான் ஊருக்கு வரவில்லை. தசராவுக்கும் வரமாட்டேன். தூரத்தில் இருக்கிறேன். உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

எழில்மதி

--

கள்ளக்குறிச்சி
26.8.2024

எழிலுக்கு,

உன் கடிதத்தை நான்கு தடவை படித்தேன். "நானும் அப்படித்தான் நினைக்கிறேன்" என்று எழுதியிருக்கிறாயே, அதற்கு எப்படிப் பதில் எழுதுவது என்று தெரியாமல் இத்தனை நாள் போய்விட்டது. வேறொன்றைச் சொல்கிறேன்.

இலக்கியாவுக்கு ஒரு வீட்டுக்காரனை உண்டாக்கினேன். இரண்டு பேரும் சண்டையில்லாமல் இருந்தார்கள். நான் எதையோ அமுக்கப் போய் எதையோ அமுக்கிவிட்டேன். மறுநாள் காலையில் அவள் வாந்தி எடுத்தாள். பிறகு அவளே வயிற்றைத் தொட்டுப் பார்த்துச் சிரித்தாள். நான் சத்தியமாக அதைச் செய்யச் சொல்லவில்லை எழில்.

அப்படியே சேமித்து மூடிவிட்டேன். ஒன்பது நாளாகத் திறக்கவில்லை. திறந்தால் அவளுக்கு நாள் நகரும். திறக்காவிட்டால் அவள் அங்கேயே நின்றுகொண்டிருப்பாள், வயிறு வளராது, ஒன்றும் ஆகாது. பைத்தியக்காரத்தனம் என்று எனக்கே தெரிகிறது. உன் அண்ணனிடம் சொன்னேன். "கம்ப்யூட்டர் பொம்மைக்கு இன்னா ஆவப்போவுது" என்று சிரித்தார். ஆனால் அன்று மாலை லேப்டாப்பை என் கட்டிலிலிருந்து எடுத்து எட்டத்தில் வைத்தார். நான் பார்த்தேன்.

போன வாரம் ஸ்கேன் எடுத்தார்கள். திரையைப் பார்க்கச் சொன்னார்கள். நான் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இதயத் துடிப்பைக் கேட்கவைத்தார்கள். அதை மட்டும் கேட்டேன்.

யோசித்துப் பார்த்தேன். குழந்தைகள் பேக்கைத்தான் எடுக்கலாம் என்று தோன்றுகிறது. ஒரு குழந்தை தவழ்ந்து வருவதை ஒரு தடவை பார்க்கலாம், விளையாட்டிலாவது. நெட்டுக்கு உன் அண்ணன் போன் வேண்டும், அவர் முப்பதாம் தேதி சேலத்திலிருந்து வருவார். அதற்குள் வேண்டாம் என்று உனக்குத் தோன்றினால் எழுது. இல்லையென்றால் எடுத்துவிடுவேன்.

இசைவாணி

--

கல்வராயன் மலை
1.9.2024

அன்புள்ள அண்ணிக்கு,

உங்கள் கடிதம் முப்பதாம் தேதி மதியம்தான் கிடைத்தது. நான் எழுதி அது உங்களுக்கு வந்துசேர நேரமில்லை. அதனால் நேற்றுக் காலை முதல் பஸ்ஸில் வெள்ளிமலைக்குப் போனேன். டவர் கிடைத்ததும் என் போனிலிருந்தே கணக்குக்குள் போய்ப் பார்த்தேன். நான்கும் அப்படியே இருந்தன, அண்ணன் இன்னும் வரவில்லை போலிருக்கிறது. பருவங்களை எடுத்துவிட்டேன். இனி மாற்ற முடியாது.

கோபப்படாமல் இதைப் படியுங்கள்.

போன வருஷம் உங்கள் வளைகாப்புக்கு நாள் குறித்ததும் நான் என்ன செய்தேன் என்று உங்களுக்குத் தெரியும். இங்கே வருவதற்கு முன் ஊரில் பார்த்த வேலையின் முதல் சம்பளம் கையில் இருந்தது. ஆறு சட்டை, இரண்டு குல்லா, பூப்போட்ட மெத்தை, இரும்புத் தொட்டில். பிறக்கிறதுக்கு முன்னால் எதுவும் வாங்கக்கூடாது என்று அம்மா சொன்னதை நான் கேட்கவில்லை. படித்தவள் என்ற திமிர். எல்லாவற்றையும் மடித்து அலமாரியில் அடுக்கி உங்களைக் கூப்பிட்டுக் காட்டினேன். ஐந்தாம் நாள் ஆஸ்பத்திரிக்குப் போனோம், பிள்ளை தங்கவில்லை.

நீங்கள் மயக்கத்தில் இருந்தீர்கள், உங்களுக்குத் தெரிந்திருக்காது. கட்டில் பக்கத்தில் நின்றுகொண்டு அம்மா என்னைப் பார்த்துச் சொன்னாள். "பொறக்கறதுக்கு முன்னாடியே துணிமணி வாங்கி அடுக்கினா இப்டித்தான் ஆவும். உன்னை யாரு வாங்கச் சொன்னது?" சத்தம்கூடப் போடவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னாள்.

நான் அதை நம்பவில்லை என்று எனக்கே நூறு தடவை சொல்லிக்கொண்டேன். ஆனால் நேற்று அந்தப் பேக்கின் படத்தில் தொட்டிலைப் பார்த்ததும் போனைக் கவிழ்த்து மடியில் வைத்துவிட்டேன். இலவசமாக வந்தாலும் வீட்டுக்குள் வந்ததுதானே. அதுவும் என் பெயரில் இருக்கும் கணக்கிலிருந்து.

மன்னித்துவிடுங்கள்.

எழில்மதி

--

கள்ளக்குறிச்சி
9.9.2024

எழில்,

உன் அண்ணன் முப்பத்தொன்றாம் தேதி மதியம் வந்தார். போனைக் கொடுத்தார். திறந்து பார்த்தேன். "நீங்கள் ஏற்கெனவே தேர்ந்தெடுத்துவிட்டீர்கள்" என்று இருந்தது.

நான் தேர்ந்தெடுக்கவில்லை.

நான் எப்போது எழ வேண்டும், எந்தப் பக்கம் திரும்பிப் படுக்க வேண்டும் என்று டாக்டர் சொல்கிறார். என்ன சாப்பிட வேண்டும் என்று அத்தை சொல்கிறார்கள். வாசலுக்குப் போகாதே என்கிறார் உன் அண்ணன். ஒரு விளையாட்டில் எதை எடுப்பது என்பதுதான் என்னிடம் மிச்சம் இருந்தது. அதையும் நீ பஸ் பிடித்துப் போய் எடுத்துக்கொண்டாய்.

இந்த மழை பேக்கின் விளக்கத்தைப் படித்தேன், மின்னல் விழுந்து ஆட்கள் சாவார்களாம். குளிரில் விறைத்தும் சாவார்களாம். பயமில்லாதது என்று எழுதியிருந்தாய்.

கொஞ்ச நாள் எழுதாதே.

இசைவாணி

--

கல்வராயன் மலை
8.10.2024

அன்புள்ள அண்ணிக்கு,

எழுதாதே என்றீர்கள். ஒரு மாதம் எழுதவில்லை. இதைச் சொல்ல எனக்கு வேறு ஆள் இல்லை. படிக்காவிட்டாலும் பரவாயில்லை.

எங்கள் விடுதிச் சமையலுக்கு இருசம்மாள் என்று ஒருவர் வருவார். அவர் மகள் ரம்யாவுக்குப் போன வாரம் வலி எடுத்தது. அவர்கள் ஊருக்கு ஜீப் மட்டும்தான் வரும். அதுவும் பாதி தூரம்வரை. நடக்கவைத்துக் கூட்டிவந்தார்கள். ஜீப்பில் இடம் இருந்தது, படித்தவள் ஒருத்தி கூட இருந்தால் நல்லது என்று என்னையும் ஏற்றிக்கொண்டார்கள். ரம்யா என் கையைப் பிடித்தபடி வந்தாள். ஒவ்வொரு வளைவிலும் அவள் நகம் என் மணிக்கட்டில் இறங்கியது. ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேருவதற்கு முன்பே குழந்தை வந்துவிட்டது. அழவில்லை. ஜீப் ஓட்டியவர் வண்டியை நிறுத்திவிட்டு இறங்கி மரத்துக்கு அந்தப் பக்கம் போய் நின்றுகொண்டார்.

அண்ணி, அவர்கள் ஒரு துணிகூட வாங்கவில்லை. பெயர் பேசவில்லை. தொட்டிலைப் பற்றி ஒருவரும் வாயெடுக்கவில்லை. அவர்கள் ஊரில் அது வழக்கமே இல்லை. குழந்தையைச் சுற்ற என் துப்பட்டாவைத்தான் கொடுத்தேன்.

திரும்பி வரும்போது எனக்குள் ஒரு நினைப்பு வந்தது. அப்படியானால் போன வருஷம் நடந்தது என்னால் இல்லை. அப்படி நினைத்ததும் நெஞ்சு லேசானது. பக்கத்தில் ரம்யா அழுதுகொண்டிருந்தாள், எனக்கு நெஞ்சு லேசாகிறது. என்ன பிறவி நான் என்று தோன்றியது.

அந்த லேசும் அன்று ஒருநாள்தான். இப்போது வேறு பயம். துணி வாங்கினால் ஆகும் என்றால், வாங்காமல் இருந்து தப்பிக்கலாம். எதுவும் செய்யாமலே இப்படி ஆகும் என்றால் எதைச் செய்து தப்பிப்பது? உங்களை நினைத்தால் எனக்கு இங்கே சோறு இறங்குவதில்லை.

நீங்கள் விரும்பியதை நீங்களே எடுக்க விட்டிருக்க வேண்டும். அது நான் செய்த தப்பு. அதற்குத்தான் இந்தக் கடிதம்.

எழில்மதி

--

கள்ளக்குறிச்சி
22.10.2024

எழிலுக்கு,

படித்தேன். ரம்யாவுக்கு உடம்பு தேறிவிட்டதா என்று எழுது.

நான் ஆட்டத்தை மறுபடி திறந்தேன். இரண்டு மாதம் நின்றுகொண்டே இருந்தவளை நகர்த்தினேன். அங்கே மழைக்காலம். இலக்கியா குடையில்லாமல் தெருவில் போய் நிற்கிறாள், இடி இடிக்கிறது, நான் உள்ளே கூப்பிடக் கூப்பிட வரமாட்டேன் என்கிறாள். அவளுக்குக் குழந்தை பிறந்துவிட்டது. நீ சொன்ன மாதிரி தொட்டிலோடு ஒட்டிப் படுத்திருக்கிறது. ஆனால் அழுகிறது. எனக்கு அது போதும் என்று இருந்தது.

ஏழாம் மாதம் முடியப்போகிறது. போன தடவை இந்த நாளைத் தாண்டவில்லை. அசைவை எண்ணச் சொல்லியிருக்கிறார்கள். செவ்வாய்க்கிழமை காலையிலிருந்து மதியம்வரை அசையவே இல்லை. வெல்லம் தின்றேன், இடது பக்கம் திரும்பிப் படுத்தேன், தட்டிப் பார்த்தேன். அத்தை கூடத்தில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்கள். நான் சத்தம் போடவில்லை. அப்புறம் ஒரு உதை விட்டது. தலையணையைக் கடித்துக்கொண்டு அழுதேன்.

இப்போது உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டும். பதினெட்டு மாதமாகச் சொல்லாதது.

போன வருஷம் ஆஸ்பத்திரிக்குப் போவதற்கு ஒரு வாரம் முன்பிருந்தே எனக்குத் தலைவலி. சாதாரணத் தலைவலி இல்லை. கண்ணில் மின்மினி பறக்கும். கால் வீங்கிச் செருப்பு நுழையவில்லை. கேட்டவர்களிடம் வெயில் என்று சொன்னேன். வளைகாப்புக்கு நாள் குறித்திருந்தார்கள், மணலூர்பேட்டையிலிருந்து என் ஆட்களெல்லாம் வருவதாக இருந்தது. சொன்னால் நிறுத்திவிடுவார்கள். முதல் பிள்ளைக்கே தாங்காத உடம்பு என்று பேசுவார்கள். அதனால் யாரிடமும் சொல்லவில்லை. பிறகு டாக்டர் என்னையும் உன் அண்ணனையும் உட்காரவைத்துச் சொன்னார். இரத்த அழுத்தம். ஒரு நாலு நாள் முன்னால் வந்திருந்தால் பார்த்திருக்கலாம் என்றார். தலைவலி இருந்ததா என்று கேட்டார். இல்லை என்றேன்.

அத்தை உன்னைச் சொன்னபோது நான் மயக்கத்தில் இல்லை. கண்ணை மூடிக்கொண்டிருந்தேன். முழுதும் கேட்டேன். நீ ஏதாவது பதில் சொல்வாய் என்று காத்திருந்தேன். நீ சொல்லவில்லை. நான் கண்ணைத் திறக்கவில்லை.

நீ மலைக்குப் போகிறேன் என்று கிளம்பிய அன்றும் நான் வாசல்வரை வந்தேனே, அப்போது சொல்லியிருக்கலாம். பெட்டியைத் தூக்கிக் கொடுத்தேன், அவ்வளவுதான். இந்தத் தடவை ஐந்து மாதம் உன்னிடம் சொல்லாமல் இருந்ததும் உன் ராசிக்குப் பயந்து இல்லை. உன் முகத்தைப் பார்க்க முடியாமல்தான்.

இசைவாணி

--

கல்வராயன் மலை
2.11.2024

அண்ணிக்கு,

தீபாவளிக்கு விடுதியில் நானும் காவல்காரரும் மட்டும்தான். உங்கள் கடிதத்தை ஒரு வாரமாகச் சட்டைப் பையில் வைப்பதுபோல் இடுப்பிலேயே செருகி வைத்திருக்கிறேன். நிறைய எழுதிக் கிழித்தேன். கோபமாக எழுதியவை அதிகம். அவற்றை அனுப்பவில்லை. கோபம் எங்கும் போய்விடாது, பிறகு ஒருநாள் உங்களிடம் சண்டை போடுகிறேன். இப்போது எனக்கு ஒன்று மட்டும் தெரிய வேண்டும்.

இப்போது தலைவலி இருக்கிறதா? கால் வீக்கம்? கண்ணில் மின்மினி?

வாரம் தவறாமல் பிரஷர் பாருங்கள். பார்த்த எண்ணை எனக்கு எழுதுங்கள். எதுவாக இருந்தாலும் முதலில் வீட்டில் இருக்கிறவர்களிடம் சொல்லுங்கள். எனக்குக் கடிதம் வர நான்கு நாளாகிறது, மழை வந்தால் ஐந்து. என்னிடம் சொல்லிவிட்டுச் சொல்லிவிட்டதாக நினைத்துக்கொள்ளாதீர்கள்.

ரம்யா நடமாடுகிறாள். யாரோடும் பேசுவதில்லை.

எழில்மதி

--

கள்ளக்குறிச்சி
25.11.2024

எழில்,

போன மூன்று வாரமும் பிரஷர் சரியாகத்தான் இருந்தது, எண்ணை எழுதினேனே. இந்த வாரம் பார்க்கப் போகவில்லை. உன் அண்ணன் லோடு ஏற்றிப் போயிருக்கிறார். புயல் வருகிறது என்று டிவியில் சொல்லிக்கொண்டே இருக்கிறார்கள். அத்தை மழை விட்டதும் போகலாம் என்றார்கள். நானும் சரி என்றேன்.

நேற்றுக் காலையிலிருந்து தலை வலிக்கிறது. பின்னந்தலையில். இன்று மோதிரம் கழலவில்லை.

திட்டாதே. வெறும் தூக்கமின்மையாக இருக்கலாம். இன்று முப்பத்து நான்கு வாரம். இப்போது போனால் அறுத்து எடுத்துவிடுவார்கள். இன்னும் பத்து நாள் உள்ளே இருந்தால் அதற்கு நல்லது. அது உள்ளே அசைந்துகொண்டிருக்கும்வரை எனக்கு இருக்கிறது எழில். எடுத்துவிட்டார்கள் என்றால், இருக்கிறதா இல்லையா என்று யாரோ வந்து சொல்வார்கள். போன தடவை அப்படித்தான் ஒருவர் வந்து சொன்னார். அந்தக் கதவு திறப்பதை என்னால் இன்னொரு தடவை பார்க்க முடியாது.

அத்தையிடம் சொல்ல இரண்டு தடவை வாயெடுத்தேன். அவர்கள் நிமிர்ந்து பார்த்ததும் தண்ணீர் வேண்டும் என்று கேட்டுவிட்டேன்.

உன்னிடம் சொல்லிவிட்டேன்.

இசைவாணி

--

வெள்ளிமலை
1.12.2024, ஞாயிறு காலை

அண்ணி,

இந்தக் கடிதம் எப்போது போகும் என்று தெரியாது. பஸ் இல்லை, தபால் இல்லை. ஆஸ்பத்திரி நர்ஸ் ஒருவர் வீட்டில் தங்கியிருக்கிறேன். சும்மா உட்கார்ந்தால் பைத்தியம் பிடிக்கும், அதனால் எழுதுகிறேன்.

உங்கள் கடிதம் நேற்றுக் காலை பத்தரைக்கு வந்தது. தேதியைப் பார்த்தேன். ஐந்து நாள். "நேற்றுக் காலையிலிருந்து" என்றால் ஆறு நாள். பிள்ளைகளை இருசம்மாளிடம் விட்டுவிட்டு மழையில் ஓடினேன். பாதித் தூரம் ஒரு டிராக்டர் ஏற்றிவந்தது. வெள்ளிமலை பஸ் நிறுத்தத்தில் ஒரு கோடு டவர் வந்தது. உங்கள் எண் அணைத்திருந்தது. அண்ணன் எடுக்கவில்லை. அம்மாவுக்குப் போட்டேன்.

பதினெட்டு மாதத்தில் நானாக அவளுக்குப் போட்ட முதல் போன் அது. எடுத்ததும், இத்தனை நாள் ஏன் கூப்பிடவில்லை என்றுதான் ஆரம்பித்தாள். நான் குறுக்கே பேசினேன். தலைவலி, வீக்கம், இன்றோடு ஆறு நாள், உடனே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போ என்றேன். "இன்னாடி சொல்ற? அது ஒண்ணும் சொல்லவே இல்லியே. படுத்துக்கினுதான் இருக்குது" என்றாள். போன தடவையும் இப்படித்தான் இருந்தது அம்மா என்று நான் சொல்ல வாயெடுத்தேன். லைன் செத்துவிட்டது. அதை அவள் கேட்டாளா தெரியாது. ஆஸ்பத்திரிக்குப் போ என்றதையே கேட்டாளா என்பதும் தெரியாது.

அதற்குப் பிறகு டவரே வரவில்லை. மின்சாரம் இல்லை. கீழே இறங்கும் வழியில் மரம் விழுந்து மண் சரிந்திருக்கிறது, நடந்தும் போக முடியாது என்று போலீஸ்காரர் திருப்பி அனுப்பினார். இரண்டு தடவை போய்ப் பார்த்தேன். இரண்டு தடவையும் திருப்பினார்.

நீங்கள் இப்போது எங்கே இருக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியவில்லை. இருக்கிறீர்களா என்று தெரியவில்லை. எழுதிவிட்டேன், கோடு போட்டு அடிக்க மனம் வரவில்லை.

என்னிடம் சொல்லாதீர்கள், வீட்டில் சொல்லுங்கள் என்று எழுதினேனே அண்ணி.

எழில்மதி

--

கள்ளக்குறிச்சி, ஆஸ்பத்திரி
14.12.2024

எழிலுக்கு,

உன் வெள்ளிமலைக் கடிதம் நேற்றுத்தான் என் கைக்கு வந்தது. உன் அண்ணனிடம் போனில் பேசி எல்லாம் உனக்குத் தெரிந்திருக்கும். ஆனாலும் என் கையால் எழுத வேண்டும்.

அத்தைக்கு நீ சொன்னது கேட்டிருக்கிறது. போனை வைத்துவிட்டு நேராக என் கட்டிலுக்கு வந்தார்கள். போர்வையை விலக்கி என் காலை விரலால் அழுத்திப் பார்த்தார்கள். குழி விழுந்து அப்படியே நின்றது. கொட்டுகிற மழையில் முக்காடுகூட இல்லாமல் எதிர் மளிகைக் கடைக்கு ஓடினார்கள். நூர் முகமது பாய் கடையில் இருந்தவர்களை அப்படியே விட்டுவிட்டு லோடு ஆட்டோவை எடுத்தார். அவர் மனைவி அத்தியா பின்னால் ஏறி என் தலைக்கு மேல் தார்ப்பாயைப் பிடித்துக்கொண்டார். தெருவில் முழங்கால் அளவு தண்ணீர். அத்தை என் தலையை மடியில் வைத்துக்கொண்டு, "கண்ணைத் தொறந்துக்கினே இரு, மூடாத" என்று மட்டும் சொல்லிக்கொண்டே வந்தார்கள். வாசலில் இறக்கும்போதே எனக்கு வலிப்பு வந்துவிட்டதாம். எனக்கு நினைவில்லை.

பெண் குழந்தை. ஒன்றரைக் கிலோவுக்குக் கொஞ்சம் மேலே. பத்து நாள் கண்ணாடிப் பெட்டியில் இருந்தாள். கதவு திறந்து ஆள் வரும்போதெல்லாம் நான் காதைப் பொத்திக்கொள்வேன். பன்னிரண்டாம் தேதி நர்ஸ் பாலாடையில் பால் கொடுத்தார், விழுங்கினாள். இன்னும் பயம் போகவில்லை. மூச்சு வாங்குகிறாளா என்று விரலை வைத்துப் பார்த்துக்கொண்டே இருக்கிறேன். லேப்டாப் வீட்டில் இருக்கிறது. அங்கே இலக்கியா குடும்பம் எந்த மழையில் நிற்கிறதோ, இப்போது எனக்கு அந்த நினைப்பு வருவதில்லை.

முந்தாநாள் அத்தை கேட்டார்கள். "மலை மேல கீற எழிலுக்கு உன் தலவலி எப்டித் தெரிஞ்சுது?" நான் கடிதம் எழுதியதைச் சொன்னேன். பிறகு நிறுத்த முடியவில்லை. "அத்தே, போன தடவயும் எனக்கு ஒரு வாரமா இப்டித்தான் இருந்துச்சு. நான்தான் மறச்சேன். எழிலு வாங்கின துணியால ஒண்ணும் ஆவல" என்றேன். பக்கத்துக் கட்டில் ஆட்களெல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். அத்தை என்னைத் திட்டுவார்கள் என்று நினைத்தேன். திட்டவில்லை. பிளாஸ்கை எடுத்துக்கொண்டு வெளியே போனவர்கள் வெகுநேரம் வரவில்லை. வந்தபோது பிளாஸ்க் காலியாகவே இருந்தது.

நேற்று உன் அண்ணன், நீ பாதை திறந்தும் வரமாட்டேன் என்று சொன்னதைச் சொன்னார். அம்மா கூப்பிடாமல் வரமாட்டேன் என்றாயாம். போனைப் போட்டுக் கொடுக்கட்டுமா என்று அத்தையிடம் கேட்டார். வேண்டாம் என்று தலையாட்டினார்கள். கொஞ்ச நேரம் கழித்து, "மலைக்கு மொத பஸ்ஸு எத்தினி மணிக்குடா?" என்று கேட்டார்கள்.

இந்தக் கடிதத்தைத் தபாலில் போடவில்லை. நீ இதைப் படிக்கும்போது அத்தை உன் எதிரில் உட்கார்ந்து வேறு எங்கேயோ பார்த்துக்கொண்டிருப்பார்கள். இதில் என்ன எழுதியிருக்கிறது என்று அவர்களுக்குத் தெரியாது, படிக்கத் தெரியாதே. மலைப் பஸ்ஸில் அவர்கள் ஏறியதே இல்லை. வளைவுக்கு வளைவு வாந்தி எடுத்திருப்பார்கள். முதலில் குடிக்கத் தண்ணீர் கொடு. எதுவும் கேட்காதே. அவர்களாகப் பேசினால் பேசட்டும். பேசாவிட்டால் உன் பெட்டியை எடுத்துக்கொண்டு, மதியப் பஸ்ஸில் ஜன்னலோரம் அவர்களை உட்காரவைத்துக் கூட்டி வா.

இசைவாணி